ஆதித்ய ஹ்ருதயம்: உங்கள் கடிதங்களும் என் பதில்களும்

சூரியனுக்குரிய நாளான ரதசப்தமியை ஒட்டி வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஆதித்ய ஹ்ருதயத்தைப் பற்றியவை. இலங்கைப் போர்க்களத்தில் அகத்தியர் ராமருக்குச் சொல்லித் தந்த சூரிய துதி அது. அதனால் இந்த முறை மற்ற கேள்விகளைத் தள்ளிவைத்துவிட்டு இதற்கு மட்டுமே பதில் எழுதுகிறேன். ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்த இடத்தில் ஒரு கடிதத்தை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

கே: எங்கள் வீட்டில் ராமர்தான் எல்லாம். அவரே பகவானாக இருக்கும்போது சூரியனைத் துதி என்று அகத்தியர் ஏன் அவருக்கு உபதேசிக்க வேண்டும்? என் பேத்தி கேட்டாள். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. (வாசகி, ஸ்ரீரங்கம்)

ப: பேத்தி சரியான இடத்தைப் பிடித்திருக்கிறாள். வால்மீகியின் யுத்த காண்டத்தில் அந்த உபதேசத்துக்கு முந்தைய நாலைந்து ஸர்கங்களை, அதாவது அத்தியாயங்களை, அவளோடு உட்கார்ந்து படியுங்கள். ராவணன் எறிந்த சக்தி என்னும் வேல் பாய்ந்து லக்ஷ்மணன் சாய்கிறான். இவன் போனபின் எனக்கு யுத்தம் எதற்கு, உயிர்தான் எதற்கு என்று ராமர் கதறுகிறார். அனுமன் மலைச் சிகரத்தையே பெயர்த்துக் கொண்டுவந்து, வானர வைத்தியன் ஸுஷேணன் மூலிகையைக் கசக்கி மூக்கருகே வைத்த பிறகுதான் தம்பி எழுந்திருக்கிறான். அந்தக் கண்ணீர் காய்வதற்குள் ராவணன் மறுபடி தேரேறி வந்துவிட்டான். இந்திரன் தன் தேரோட்டி மாதலியோடு தேரை ராமருக்கு அனுப்புகிறான். போர் மூள்கிறது. ராமபாணத்தில் ராவணன் நிலைகுலைந்து போக, அவனுடைய தேரோட்டி தேரைத் திருப்பிக் களத்தைவிட்டு வெளியே கொண்டுபோய்விடுகிறான்.

தெளிந்ததும் ராவணன் தேரோட்டியைத் திட்டித் தீர்க்கிறான். குதிரைகள் களைத்திருந்தன, உங்களுக்கும் ஓய்வு வேண்டியிருந்தது, அதனால்தான் திருப்பினேன் என்று அவன் பணிவாகச் சொன்னதும் மனம் குளிர்ந்து, கையிலிருந்த ஆபரணத்தைக் கழற்றிப் பரிசாகக் கொடுக்கிறான். களத்துக்கு ஓட்டு என்கிறான்.

இவ்வளவு நேரமும் ராமர் களத்திலேதான் நின்றுகொண்டிருக்கிறார். எதிராளிக்கு மூச்சு வாங்க அவகாசம் கிடைத்தது, இவருக்கு இல்லை. 'யுத்த பரிச்ராந்தம்', 'சிந்தயா ஸ்திதம்' என்று ஸ்லோகம் அங்கேதான் ஆரம்பிக்கிறது. களைப்பு ஒரு பக்கம், கவலை ஒரு பக்கம். போரைப் பார்க்க தேவர்களோடு வந்திருந்த அகத்தியர் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கவில்லை. கிட்டே வருகிறார். "ராம ராம" என்று இரண்டு முறை கூப்பிட்டு, "வத்ஸ", குழந்தாய், என்கிறார். அந்த நேரத்தில் அவருக்கு முன்னால் நிற்பது களைத்துப்போன ஒரு பிள்ளைதான்.

ராவண வதம் முடிந்த பிறகு தேவர்கள் கூடி வந்து "தேவர்களில் சிறந்தவர் நீர் என்பதை அறியவில்லையா" என்று கேட்கும்போதுகூட, "நான் என்னை மனிதனாக, தசரதன் மகன் ராமனாகத்தான் நினைக்கிறேன்" என்று வால்மீகியின் ராமர் சொல்கிறார். மனிதனாக வாழ வந்தவருக்கு மனிதனுக்கு வரும் சோர்வும் வந்தது. பெரியவர் ஒருவர் சொன்னதைக் கேட்டு எழுந்து நின்றார். பேத்தியிடம் இதைச் சொல்லுங்கள். ராமர்மேல் அவளுக்கு இன்னும் பிரியம் கூடும்.

கே: உபதேசம் செய்த அகத்தியர் நம் பொதிகை மலை அகத்தியரா? கம்பராமாயணத்தில் தேடிப் பார்த்தேன், ஆதித்ய ஹ்ருதயம் கிடைக்கவில்லையே? (வாசகர், தென்காசி)

ப: கிடைக்காது. கம்பர் அதைப் பாடவில்லை. ஆனால் அகத்தியரை அவர் விட்டுவிடவில்லை. ஆரணிய காண்டத்தில் அகத்தியப் படலம் என்றே ஒன்று இருக்கிறது. 'நீண்ட தமிழால் உலகை நேமியின் அளந்தான்', 'என்றுமுள தென்தமிழ் இயம்பி இசை கொண்டான்' என்று கம்பர் உருகும் இடம் அது. ராமருக்கு வில்லும் அம்பும் தந்து தண்டகாரண்யத்தில் வரவேற்ற அதே முனிவர்தான் வால்மீகியில் இலங்கைப் போர்க்களத்துக்கும் வருகிறார். தமிழ்நாட்டு மரபு அவரைப் பொதிகையில் வைத்துக் கொண்டாடுகிறது. ஆதித்ய ஹ்ருதயத்தைச் சொல்லும்போது உங்கள் ஊர் மலை ஞாபகம் வந்தால் அதில் பிசகே இல்லை.

இதில் எனக்கு மிகவும் பிடித்த ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். ஸ்தோத்ரத்தின் நடுவில், சூரியனின் பெயர்கள் வரிசையாக வரும் இடத்தில், 'கனவ்ருஷ்டிரபாம் மித்ரோ விந்த்யவீதீ ப்லவங்கம:' என்று வரும். பெருமழை பொழிபவன், தண்ணீருக்குத் தோழன், விந்திய மலைப் பாதையில் தாவிப் போகிறவன். எத்தனையோ மலை இருக்க விந்தியம் ஏன் வருகிறது? மேருவைச் சுற்றுவதுபோல் என்னையும் சுற்று என்று விந்தியம் சூரியனைக் கேட்டதும், அவன் மறுத்ததும், கோபத்தில் அது வளர்ந்து அவன் பாதையை மறித்ததும் மகாபாரதத்தில் இருக்கின்றன. அகத்தியர் தெற்கே போகும்போது, "நான் திரும்பி வரும்வரை வளராமல் இரு" என்று சொல்லிவிட்டுப் போனார். திரும்பவே இல்லை. மலையும் வளரவே இல்லை.

இந்தக் கதை ராமருக்கும் தெரியும். வால்மீகியின் ஆரணிய காண்டத்தில் அகத்தியர் ஆசிரமத்தை நெருங்கும்போது, சூரியனின் வழியை அடைக்கப் பார்த்த விந்தியம் இவர் சொல்லுக்குக் கட்டுப்பட்டு நிற்கிறது என்று அவரே லக்ஷ்மணனிடம் சொல்லிக்கொண்டு நடக்கிறார். ஆக, சூரியனுக்கு வழி திறந்துவிட்டவர்தான் சூரியனின் துதியைச் சொல்லித் தருகிறார். கேட்கிற பிள்ளை சூரிய வம்சத்தில் பிறந்தவர். இந்த இடம் வரும்போதெல்லாம் எனக்குக் குரல் ஒருமாதிரி ஆகிவிடும்.

கே: ஒரு புத்தகத்தில் 30 ஸ்லோகம், இன்னொன்றில் 31. சமீபத்தில் வாங்கிய புத்தகத்தில் நூறைத் தாண்டிப் போகிறது. எது சரி? (வாசகி, பெங்களூரு)

ப: முதல் இரண்டும் ஒன்றேதான், எண் போடுவதில் வித்தியாசம். வால்மீகி ராமாயணம் யுத்த காண்டத்தில், பதிப்பைப் பொறுத்து 105 அல்லது 107ஆவது ஸர்கம். நீளமானது வேறு நூல். அதற்கும் ஆதித்ய ஹ்ருதயம் என்றுதான் பெயர். பவிஷ்யோத்தர புராணத்தைச் சேர்ந்தது, கண்ணன் அர்ஜுனனுக்குச் சொல்வதாக வரும். இரண்டும் நல்லவையே. அகத்தியர் சொன்னது வேண்டுமென்றால் 'ததோ யுத்த பரிச்ராந்தம்' என்று தொடங்குகிறதா என்று பார்த்து வாங்குங்கள்.

கே: பெண்கள் சொல்லலாமா? (பல வாசகிகள்)

ப: தாராளமாகச் சொல்லலாம். இது இதிகாசத்தில் வருகிற ஸ்தோத்ரம். உபநயனம் வேண்டும் என்ற கட்டு வேதத்துக்கு உண்டு, இதற்கு இல்லை. என்னிடம் மாலையில் கற்றுக்கொள்ள வருகிறவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும்தான்.

கே: நாங்கள் முருகனைக் கும்பிடுகிறவர்கள். சூரியனைத் துதித்தால் குலதெய்வத்துக்கு மனக்குறை வருமா? (வாசகர், திருச்செந்தூர்)

ப: வராது. எட்டாவது ஸ்லோகத்தைப் பாருங்கள்: 'ஏஷ ப்ரஹ்மா ச விஷ்ணுச்ச சிவ: ஸ்கந்த: ப்ரஜாபதி:'. இந்தச் சூரியன்தான் பிரம்மா, விஷ்ணு, சிவன், முருகன் என்று அகத்தியர் அடுக்குகிறார். உங்கள் ஊரில் கடலுக்கு மேலே சூரியன் வருவதைப் பார்த்துக்கொண்டே இதைச் சொல்லிப் பாருங்கள்.

கே: சம்ஸ்கிருதம் தெரியாது. தமிழ் எழுத்தில் அச்சிட்ட புத்தகத்தை வைத்துச் சொல்கிறேன். தப்பாகச் சொன்னால் கெடுதல் என்று உறவினர் பயமுறுத்துகிறார். (வாசகி, நாகப்பட்டினம்)

ப: பயத்தை விடுங்கள். போர்க்களத்தில் களைத்து நின்றவரின் கலக்கம் போவதற்காக வந்த ஸ்தோத்ரம் இது. அதை வைத்து ஒருவரை நடுங்க வைப்பது எனக்குச் சம்மதமில்லை. ஆனால் திருத்தமாகச் சொல்ல ஆசை இருக்க வேண்டும். புத்தகத்தில் க, ச, ட, த, ப எழுத்துகளின் மேல் சின்னதாக 2, 3, 4 என்று எண் போட்டிருக்கிறதா பாருங்கள். அப்படிப்பட்ட பதிப்பையே வாங்குங்கள். 3 போட்ட க 'கங்கை'யில் வருவது. 4 போட்டது அதையே அடிவயிற்றுக் காற்றோடு சொல்வது. 'பாஸ்கர' என்பதில் வரும் ப நாலாவது, 'பத்ம' என்பதில் வருவது எண் போடாத முதல் ப. இரண்டு வாரம் விரல் வைத்துப் படித்தால் கண்ணுக்குப் பழகிவிடும்.

ஒரு இடத்தில் மட்டும் நிதானம் தேவை. 'தமோக்னாய ஹிமக்னாய சத்ருக்னாயாமிதாத்மனே' என்று ஓட்டமாக வந்துவிட்டு, அடுத்த வரியில் 'க்ருதக்னக்னாய தேவாய' என்று வரும். குழந்தைகள் முக்கால்வாசிப் பேர் ஒரு 'க்ன'வை விழுங்கி 'க்ருதக்னாய' என்று போய்விடுவார்கள். நன்றி மறந்தவனை அழிப்பவனே என்று சொல்ல வேண்டிய இடத்தில், நன்றி மறந்தவனே என்று சூரியனையே சொன்னதாகிவிடும். என் வகுப்பில் அந்த வரிக்கு முன்னால் எல்லோரையும் மூச்சை இழுத்துக்கொள்ளச் சொல்வேன். 'க்ருதக்ன' என்று ஒரு தட்டு, 'க்னாய' என்று ஒரு தட்டு, தொடையில் தாளம் போட்டுக்கொண்டே. அப்படிப் பத்துத் தடவை சொன்ன நாக்கு அப்புறம் வழுக்காது.

கே: ஆதித்ய ஹ்ருதயம் இடைச்செருகல், வால்மீகி எழுதியதே அல்ல என்று படித்தேன். மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. (வாசகர், மதுரை)

ப: பரோடாவில் உள்ள ஓரியண்டல் இன்ஸ்டிட்யூட் 1960 முதல் 1975 வரை வால்மீகி ராமாயணத்தின் ஆய்வுப் பதிப்பை வெளியிட்டது. நாட்டின் பல பகுதிச் சுவடிகளை ஒப்பிட்டு, எல்லா மரபுக்கும் பொதுவாக உள்ளதை மூலமாகவும் மற்றதைப் பிற்சேர்க்கையாகவும் வைத்தார்கள். அதில் ஆதித்ய ஹ்ருதயம் பிற்சேர்க்கைக்குப் போயிற்று. அது பெரிய உழைப்பு, அதை மதிக்க வேண்டும். இந்த ஸர்கத்தை எடுத்துவிட்டாலும் கதை அறுபடாமல் ஓடுகிறது என்பதும் உண்மைதான்.

ஆனால் அதை வைத்து நீங்கள் வருத்தப்படுவதில் எனக்கு உடன்பாடில்லை. தென்னாட்டில் ராமாயணம் படித்தவர்கள் தலைமுறை தலைமுறையாக இதை ராமாயணத்தின் உயிராக வைத்துக் காத்திருக்கிறார்கள். என் அப்பா படித்த கிரந்த எழுத்துப் புத்தகத்தில் மற்ற பக்கங்களெல்லாம் ஓரளவு நன்றாக இருக்கும். இந்த ஸர்கம் வரும் இடத்தில் மட்டும் ஓரம் கறுத்து, தாள் துணிபோல் ஆகியிருக்கும். எத்தனை பேர் கை பட்டிருந்தால் அப்படி ஆகும்! யார் எப்போது சேர்த்திருந்தாலும், அவருக்கு ராமரின் மனசு தெரிந்திருக்கிறது.

கே: என் மாமனார், சூரியனை வெறுங்கண்ணால் பார்த்துக்கொண்டே ஆதித்ய ஹ்ருதயம் சொன்னால் கண்புரை கரையும் என்கிறார். ராமரும் 'ஆதித்யம் ப்ரேக்ஷ்ய', சூரியனைப் பார்த்துத்தான், ஜபித்தார் என்று காட்டுகிறார். செய்யலாமா? (வாசகி, திருவாரூர்)

ப: வேண்டவே வேண்டாம். இன்றைக்கே நிறுத்தச் சொல்லுங்கள். சூரியனை உற்றுப் பார்த்தால் விழித்திரை வெந்துவிடும். அங்கே வலி தெரியாது என்பதால் கெட்ட பிறகுதான் நமக்குத் தெரியவரும். நடுப்பார்வையில் கரும்புள்ளி விழுந்தால் சரியாகாமலே போகலாம். கண்புரைக்கு அறுவைச் சிகிச்சைதான் வழி, இப்போது அது எளிதாக நடக்கிறது. ஸ்லோகத்தால் புரை கரையும் என்று அகத்தியர் எங்கும் சொல்லவில்லை.

மத்தியான சந்தியாவந்தனத்தில் சூரியனைப் பார்க்கும் மந்திரம் வரும்போதுகூட, விரல்களைப் பின்னி இடைவெளி வைத்து அதன் வழியாகத்தான் பார்ப்பார்கள். அதுவும் கணநேரம். நம் பெரியவர்கள் எவ்வளவு பயபக்தியோடு வைத்திருக்கிறார்கள் என்று மாமனாருக்கு எடுத்துச் சொல்லுங்கள். கிழக்கே திரும்பி நின்று, கண்ணை மூடி, முகத்தில் வெயில் பட்டால் போதும்.

கே: சூரியனுக்கென்று நம் பக்கம் கோயில் இருக்கிறதா? அங்கே போய்ப் பாராயணம் செய்ய ஆசை. (வாசகர், புனே)

ப: கும்பகோணத்துக்கும் மயிலாடுதுறைக்கும் நடுவில் ஆடுதுறையில் இறங்குங்கள். பக்கத்திலேயே சூரியனார் கோயில். முதலாம் குலோத்துங்க சோழன் காலத்தில் எழுந்தது. கல்வெட்டில் குலோத்துங்க சோழ மார்த்தாண்டாலயம் என்று பெயர். கருவறையில் இரண்டு கையிலும் தாமரையோடு சூரியன், இரு தேவியரோடு. எதிரே குரு. மற்ற கிரகங்களுக்கும் தனித்தனிச் சன்னிதி உண்டு, யாருக்கும் வாகனம் கிடையாது. முதலில் அருகிலுள்ள திருமங்கலக்குடியில் பிராணநாதரைத் தரிசித்துவிட்டு வருவது வழக்கம். ஞாயிற்றுக்கிழமை கூட்டம் நெரியும். நிம்மதியாக உட்கார்ந்து மூன்று முறை சொல்ல வேண்டுமானால் வேறு கிழமையில் போங்கள்.

கே: மகனுக்கு ராத்திரி ஷிஃப்ட். விடியும்போதுதான் வந்து படுக்கிறான். சூரியோதயத்தில் சொல்லாவிட்டால் பலன் உண்டா? (வாசகர், சென்னை)

ப: உண்டு. 'ஜபேந்நித்யம்', தினமும் சொல், என்றுதான் அகத்தியர் சொல்கிறார். ராமர் சொன்னது நடுக்களத்தில். மூன்று முறை ஆசமனம் செய்து, அதாவது உள்ளங்கை நீரைப் பருகி, சுத்தமாகி, சூரியனைப் பார்த்துச் சொன்னார், வில்லை எடுத்தார். அவ்வளவுதான் விதி. உங்கள் பிள்ளை தூங்கி எழுந்து குளித்துவிட்டு, வெளிச்சம் இருக்கும்போது எப்போது சொன்னாலும் சரி. சாயங்காலமானால் மேற்கே பார்த்துச் சொல்லட்டும், 'பச்சிமாயாத்ரயே நம:' என்று மேற்கு மலைக்கும் வணக்கம் இதில் இருக்கிறதே. நிதானமாகச் சொன்னால் ஐந்தாறு நிமிடம்தான். அவனிடம் 23ஆவது ஸ்லோகத்தைக் காட்டுங்கள்: 'ஏஷ ஸுப்தேஷு ஜாகர்தி', எல்லோரும் தூங்கும்போது விழித்திருப்பவன். ராத்திரி முழுக்கக் கண்விழிக்கும் பிள்ளைக்கு அது ஒட்டும். அவன் தூங்கும் நேரத்தில் எழுப்பி மட்டும் சொல்ல வைக்காதீர்கள்.

கே: கணவரின் ஜவுளித் தொழில் நொடித்துவிட்டது. வங்கிக் கடன், கந்துவட்டி இரண்டும் கழுத்தை நெரிக்கிறது. ஆறு மாதமாகத் தவறாமல் ஆதித்ய ஹ்ருதயம் சொல்கிறேன். ஒன்றும் மாறவில்லை. 'இந்தக் கணத்திலேயே ராவணனை வெல்வாய்' என்றுதானே அகத்தியர் சொன்னார்? நிறுத்திவிடலாமா என்று இருக்கிறது. (வாசகி, கரூர்)

ப: அம்மா, உங்கள் கடிதத்தைப் பலமுறை படித்தேன். 'அஸ்மின் க்ஷணே' என்று அகத்தியர் சொன்னது நிஜம். அதற்குப் பிறகு என்ன நடந்தது என்று பாராயணப் புத்தகத்தில் இருக்காது, ராமாயணத்தில் இருக்கிறது.

ராவணன் அந்தக் கணத்தில் சாகவில்லை. ராமர் உற்சாகமாகப் போருக்குப் போகிறார். தலையை அறுத்தால் தலை முளைக்கிறது. நூறு தலை அறுத்தாயிற்று, சாகிற வழியாகத் தெரியவில்லை. மாரீசனைக் கொன்ற அம்பு, கரனைக் கொன்ற அம்பு, வாலியைக் கொன்ற அம்பு, இதெல்லாம் ராவணனிடம் மட்டும் ஏன் மழுங்கிப் போகிறது என்று அவர் மறுபடி யோசனையில் ஆழ்கிறார். ஆதித்ய ஹ்ருதயம் சொன்ன பிறகும்! இரவும் பகலும் ஒரு முகூர்த்தம்கூட ஓயாமல் அந்தப் போர் நடந்தது என்கிறார் வால்மீகி. கடைசியில் மாதலிதான், "தெரியாதவர்போல் ஏன் இவனோடு மல்லுக்கு நிற்கிறீர்கள், பிரம்மாஸ்திரத்தை விடுங்கள்" என்று ஞாபகப்படுத்துகிறான். ராமர் எடுக்கிறார். அந்த அம்பு, முன்பு காட்டில் அகத்தியர் கொடுத்தது. வெகுநாளாக அவரிடமே இருந்தது.

ஆகவே நீங்கள் ஜபித்ததில் குறையிருக்கிறது என்று நினைத்துக்கொள்ளாதீர்கள். நிறுத்தவும் வேண்டாம். இத்தனை மாதம் வட்டிக்காரன் வாசலில் நிற்கும்போதும் குடும்பத்தைக் கட்டிக் காத்திருக்கிறீர்களே, அந்தத் தெம்பு எங்கிருந்து வந்தது என்று நினைக்கிறீர்கள்? ஆனால் ராமருக்கு ஒரு மாதலி தேவைப்பட்டதுபோல உங்களுக்கும் வெளியே ஒருவர் சொல்ல வேண்டியிருக்கிறது. அதை நான் சொல்கிறேன்.

உங்கள் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். பெண்களுக்கு அங்கே வருமானம் எவ்வளவாக இருந்தாலும் வழக்கறிஞர் உதவி இலவசம். நேரில் போக முடியாவிட்டால் 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்யலாம். கந்துவட்டி வாங்குவது தமிழ்நாட்டில் 2003ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். மிரட்டினால் புகார் கொடுக்க வழியுண்டு. எங்கே எப்படிக் கொடுப்பது என்று அங்கேயே சொல்வார்கள். வங்கிக் கடனுக்கு, ஒரே தவணையில் பேசி முடிக்கும் தீர்வு உண்டா என்று மேலாளரிடம் எழுத்தில் கேளுங்கள். வாய்ப்பேச்சோடு விட வேண்டாம், மனுவில் முத்திரை போட்டு நகல் வாங்கிக்கொள்ளுங்கள். யாருக்கு எவ்வளவு பாக்கி, இதுவரை எவ்வளவு கட்டியாயிற்று என்று இன்று இரவே கணவரோடு உட்கார்ந்து ஒரு நோட்டில் எழுதிவிடுங்கள். வெற்றுத்தாளில் அவர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தால் அதையும் மறைக்காமல் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். திங்கட்கிழமை காலை பாராயணம் முடிந்ததும் அந்த நோட்டை எடுத்துக்கொண்டு கிளம்புங்கள். கணவரையும் கூட அழைத்துப் போங்கள். என்ன சொன்னார்கள் என்று எனக்கு எழுதுங்கள்.